மதுரையை எரித்தவளுக்கு ஏன் குளிர்த்தி?

உயர்தர வகுப்புக்கு அளவையியலும் விஞ்ஞானமுறையும் படிப்பித்து ஓய்வு பெற்றவள் நான். சமாதானம், நீதி, அகிம்சை பற்றிக் கேளுங்கள் என்று சொல்லி ஒரு வாரம்தான் ஆகிறது, கேள்விகள் குவிந்துவிட்டன. பிடித்த கேள்விக்கு நீளமாகப் பதில் வரும், மற்றதற்கு ஒரு வரிதான். கோபிக்க வேண்டாம். காந்தி படம் போட்ட பொன்மொழிகளை மட்டும் எனக்கு அனுப்பாதீர்கள்.

கேள்வி (செங்கலடி): டீச்சர், யுத்தம் முடிந்தால் சமாதானம்தானே? அதில் எதிர்மறை, நேர்மறை என்று ஏன் பிரிக்கிறார்கள்?

பதில்: மகள், வெடிச்சத்தம் நின்றால் அது எதிர்மறைச் சமாதானம். கெட்டது என்று அர்த்தமில்லை. ஒன்று இல்லாமல் போயிருக்கிறது, அவ்வளவுதான். நோர்வே நாட்டு யொஹான் கால்டுங் 1969இல் எழுதிய கட்டுரையில் ஒரு உதாரணம் வரும். 18ஆம் நூற்றாண்டில் ஒருவர் காசநோயால் செத்தால் அதை வன்முறை என்று சொல்வது கடினம். மருந்து இருக்கும் இந்தக் காலத்தில் செத்தால் அது வன்முறை. சுட்டவன் என்று யாரையும் காட்ட முடியாத இதைத்தான் அவர் கட்டமைப்பு வன்முறை என்றார். இதுவும் இல்லாமல் போனால்தான் நேர்மறைச் சமாதானம்.

இதற்கு ஒஸ்லோ வரை போகத் தேவையில்லை. மண்முனைத்துறைக்குப் பாலம் வந்தது 2014இல். அதற்கு முதல் வாவியின் மேற்குப் பக்கம், படுவான்கரையில் ஒரு பிள்ளைக்கு இரவில் பிரசவ வலி வந்தால், குடும்பமே கரையில் நின்று பாதை (ஆட்களை ஏற்றும் மிதவை) எப்போது வரும் என்று பார்த்துக்கொண்டிருக்க வேண்டும். அந்த இருட்டில் யாரும் யாரையும் அடிக்கவில்லை. ஆனாலும் அதைச் சமாதானம் என்று சொல்ல எனக்கு வாய் வராது.

கேள்வி (வாழைச்சேனை): அகிம்சை என்பது கோழைகளின் ஆயுதம் இல்லையா?

பதில்: கோழைத்தனம், வன்முறை இரண்டில் ஒன்றைத்தான் எடுக்க வேண்டுமென்றால் வன்முறையையே சொல்வேன் என்று 1920இல் எழுதியவர் காந்தி. 'சாத்வீக எதிர்ப்பு' என்ற பெயர் பலவீனர்களின் வேலை போலக் கேட்கிறது என்றுதான் தென்னாபிரிக்காவில் சத்தியாக்கிரகம் என்ற சொல்லையே உண்டாக்கினார். 1956 ஜூன் 5ஆம் திகதி கொழும்பு காலிமுகத்திடலில், சிங்களம் மட்டும் சட்டத்தை எதிர்த்து, தமிழரசுக் கட்சிக்காரர் அடிவாங்கிக்கொண்டு இருந்தார்கள். 1961இல் எங்கள் மட்டக்களப்புக் கச்சேரி (மாவட்ட அரச அலுவலகம்) வாசலிலும் சனம் இருந்தது, முஸ்லிம்களும் சேர்ந்து. அடி விழும் என்று தெரிந்து ஓரிடத்தில் உட்கார்ந்து பாருங்கள், பிறகு பேசுவோம்.

பலன் கிடைத்ததா என்பது வேறு கேள்வி. அங்கே கிடைக்கவில்லை. 1900 முதல் 2006 வரை நடந்த 323 போராட்டங்களை எரிக்கா செனோவெத், மரியா ஸ்டீபன் இருவரும் கணக்கெடுத்தார்கள். ஆயுதமில்லாதவற்றில் 53 வீதமும் ஆயுதமெடுத்தவற்றில் 26 வீதமும் வென்றிருந்தன. இதைச் சொல்பவர்கள் மறுபாதியை விட்டுவிடுகிறார்கள். ஆயுதமில்லாமல் போனாலும் கிட்டத்தட்டப் பாதி முழுமையாக வெல்லவில்லை.

கேள்வி (ஏறாவூர்): அகிம்சை இந்து, பௌத்த, சமண விசயம், இஸ்லாத்தில் இல்லை என்கிறார்களே?

பதில்: தம்பி, மார்க்கத் தீர்ப்பு மௌலவிமாரிடம் கேளுங்கள். எனக்குத் தெரிந்தது சிந்தனை வரலாறு. என்னைக் கொல்ல நீ கை நீட்டினாலும் உன்னைக் கொல்ல நான் கை நீட்ட மாட்டேன் என்று ஆதமின் மகன் ஹாபீல் தன் சகோதரனிடம் சொல்வது குர்ஆனின் 5ஆம் அத்தியாயத்தில் இருக்கிறது. சிரியாவின் ஜவ்தத் சயீத் 1966இல் இந்த ஒரு இடத்தை வைத்தே முழு நூல் எழுதினார். பழிவாங்கலே மானம் என்றிருந்த பட்டாணியர்களிடம் 1929இல் குதாயி கித்மத்கார் (இறைவனின் தொண்டர்கள்) என்ற அகிம்சை இயக்கத்தைத் தொடங்கினார் அப்துல் கபார் கான். அவர் ஆயுதம் என்று சொன்னது பொறுமையை, ஸபுறை. அது இஸ்லாத்திலேயே இருக்கிறது என்பதுதான் அவர் வாதம்.

கேள்வி (மண்டூர்): "கண்ணுக்குக் கண் என்றால் உலகமே குருடாகும்" என்று காந்தி...

பதில்: அவர் அப்படிச் சொன்னதற்கு ஆதாரம் இல்லை. முதல் பந்தியை வாசிக்கவும்.

கேள்வி (தம்பிலுவில்): வைகாசியில் கண்ணகை அம்மனுக்குச் சடங்கு செய்கிறோம். ஒரு நகரத்தையே எரித்தவளைத் தாய் என்று கும்பிட்டுக்கொண்டு அகிம்சை பேசலாமா?

பதில்: இப்படி ஒரு கேள்வி வராதா என்றுதான் இருந்தேன்.

அவள் எடுத்த எடுப்பில் எரிக்கவில்லை. சான்றைக் கையில் கொண்டு சபைக்குப் போனாள். அரசியின் சிலம்பில் முத்து, என் சிலம்பில் மாணிக்கம் என்றாள். உடைத்தபோது மணி தெறித்தது. 'யானோ அரசன், யானே கள்வன்' என்று சொல்லி விழுந்து செத்தான் பாண்டியன். விசாரணை நடந்தது, உண்மை வெளிவந்தது, குற்றவாளி ஒப்புக்கொண்டான், தண்டனையும் தானே ஏற்றுக்கொண்டான். இன்றைக்கு அறிக்கை எழுதுபவர்கள் என்றால் கோப்பை மூடியிருப்பார்கள். அவளுக்கு ஆறவில்லை. கோவலன் திரும்பி வரவில்லையே.

அதற்குப் பிறகுதான் தீ. அப்போதும் பார்ப்பார், அறவோர், பசு, பத்தினிப் பெண்டிர், மூத்தோர், குழந்தைகளை விட்டுவிட்டுத் தீயவர் பக்கம் போ என்று தீக்குக் கட்டளை இடுகிறாள். போரில் யாரைத் தொடக்கூடாது என்று மைக்கல் வால்சர் 1977இல் ஒரு பெரிய நூலே எழுதினார். இளங்கோ அதை ஒரு விதவையின் வாயில் வைத்துவிட்டார்.

இனி எங்கள் ஊர் செய்ததைப் பாருங்கள். வருடம் முழுக்கப் பூட்டியிருக்கும் கதவை வைகாசியில் திறக்கிறோம். உன் கோபம் பிழை என்று யாரும் அவளிடம் சொல்வதில்லை. முதலில் வழக்குரை படிக்கிறோம். பெயரிலேயே இருக்கிறது, வழக்கை உரைப்பது. நடந்தது முழுவதும் ஊர் கேட்க வாசிக்கப்படும். அவள் கோபம் தணியக் குளிர்த்தி பாடித் தீர்த்தம் தெளிப்பது கடைசியில்தான். வழக்குரையை விட்டுவிட்டு நேரே குளிர்த்திக்கு வா என்று எந்தக் கோயிலிலும் யாரும் கேட்டதில்லை. நாட்டில்தான் கேட்கிறார்கள்.

(இதற்குக் கீழே வந்தவற்றில் சிலதற்கு மட்டும் பதில்.)

களுதாவளை: எரித்ததை டீச்சர் நியாயப்படுத்துகிறார்.

இல்லை. தீயவர் யார் என்று தீக்கு எப்படித் தெரியும்? அவள் சொன்ன பட்டியலை மறுபடி பாருங்கள். மதுரைத் தெருவில் உப்பு விற்ற இருபது வயசுப் பையன் அதில் இல்லை. அந்த வயசில் பிள்ளை வைத்திருந்த எங்கள் தாய்மாருக்கு இது விளங்கும்.

சம்மாந்துறை: கொடியவரை அரசன் கொலையால் ஒறுப்பது பைங்கூழில் களை எடுப்பது போல என்று வள்ளுவரே சொல்கிறாரே?

550ஆம் குறள். இன்னா செய்தாருக்கும் நன்மை செய்துவிடு என்ற 314 துறவறவியலில் வருகிறது, இது அரசனுக்குச் சொன்னது. அது இருக்கட்டும். நீங்கள் வயல்காரர் என்று எழுதியிருக்கிறீர்கள். பன்றிநெல்லைக் கதிர் வரும் முன் உங்களால் பிடுங்க முடியுமா? பயிர் போலவே நிற்கும். எது களை என்று நிச்சயமாகத் தெரிந்தவனுக்குத்தான் அந்தக் குறள். அந்த நிச்சயம் எனக்கு ஒரு நாளும் வந்ததில்லை.

செட்டிபாளையம்: கொம்புமுறியை மறந்துவிட்டீர்கள்!

மறக்கவில்லை. அதுவும் அம்மனுக்காக ஆடுவதுதான். கோபத்தை வடசேரி, தென்சேரி என்று பிரித்து, இரண்டு கொம்பை மாட்டி இழுத்து, ஒன்று முறிந்தவுடன் முடித்துக்கொள்வது நல்ல ஏற்பாடுதான். எந்தச் சேரி பெரிது என்று தொடங்கிய பதினான்கு பதில்களை நான் வாசிக்கவில்லை. வாசிக்கவும் மாட்டேன்.

காத்தான்குடி: 1990 ஆகஸ்ட் 3ஆம் திகதி பள்ளிவாசலில் தொழுதுகொண்டிருந்தவர்களைச் சுட்டார்கள். எங்கள் வழக்குரையை யார் கேட்டார்கள்?

தங்கச்சி, கேட்கவில்லை. அதற்கு அடுத்த மாதம் 9ஆம் திகதி சத்துருக்கொண்டானில் தமிழர்களைக் கொன்றார்கள். அங்குள்ளவர்களும் இதையேதான் கேட்கிறார்கள். இரண்டையும் ஒரே சபையில் வாசித்து நான் பார்த்ததில்லை. உங்கள் வழக்கைக் கேட்டால் எங்கள் வழக்கு இளைத்துவிடும் என்ற பயம் எங்களிடம் இருக்கிறது. உங்களிடமும் இருக்கலாம். இருபது வருடம் தர்க்கம் படிப்பித்த எனக்கும் அந்தப் பயம் இருந்தது. ஒன்று உண்மையானால் மற்றது பொய் என்று எந்த விதியும் இல்லை என்பதைக் கரும்பலகையில் எழுதிவிட்டு வீட்டுக்கு வந்து வேறு மாதிரித்தான் நினைத்திருக்கிறேன்.

கேள்வி (கல்முனை): பழசைக் கிளறாமல் மன்னித்து மறந்தால் என்ன?

பதில்: யார் மன்னிப்பது, யாரை? தண்டிக்க முடியாததை மனிதரால் மன்னிக்கவும் முடியாது என்றார் ஹன்னா ஆரென்ட். தென்னாபிரிக்காவின் உண்மை, நல்லிணக்க ஆணைக்குழுவைக் காட்டுவீர்கள். அங்கே பொதுமன்னிப்புக் கேட்டவர்கள் 7112 பேர், கிடைத்தது 849 பேருக்கு. செய்ததை முழுக்க வாயால் சொல்ல வேண்டும் என்பது நிபந்தனை. வழக்குரைக்குப் பிறகுதான் குளிர்த்தி என்று இதைத்தான் சொன்னேன்.

கேள்வி (நாவற்குடா): உண்ணாவிரதம் அகிம்சையா, மிரட்டலா?

பதில்: கஷ்டமான கேள்வி. 1932இல் காந்தி பூனாவில் உண்ணாமல் இருந்தபோது அம்பேத்கர் அதை நெருக்குதலாகத்தான் உணர்ந்தார், உணர்ந்தபடியே பூனா ஒப்பந்தத்தில் கையெழுத்தும் வைத்தார். எதிரில் இருப்பவருக்கு மறுக்க இடம் இருக்கிறதா என்று பார்ப்பேன். 1988இல் அன்னை பூபதி மாமாங்கத்தில் மார்ச் 19 முதல் ஏப்ரல் 19 வரை இருந்து செத்தார். போரை நிறுத்து, புலிகளோடு பேசு என்று ஒரு தாய் இந்திய இராணுவத்திடம் கேட்டார். இராணுவத்தால் மறுக்க முடிந்தது, மறுத்தது. அதை மிரட்டல் என்று என்னால் சொல்ல முடியவில்லை.

கேள்வி (ஆரையம்பதி): பக்கத்து வளவுக்காரர் வேலியை இரண்டு அடி தள்ளிப் போட்டுவிட்டார். அகிம்சை வழியில்...

பதில்: மத்தியஸ்த சபைக்குப் போங்கள். காணி உறுதியைக் கொண்டு போங்கள்.

கேள்வி (ஓட்டமாவடி): அகிம்சை கோழைத்தனம்தானே?

பதில்: மேலே இருக்கிறது.

கேள்வி (பாண்டிருப்பு): கோழைத்தனம் என்று...

பதில்: மேலே.

கேள்வி (செங்கலடி): டீச்சர், எனக்கு அரசறிவியல் பரீட்சை. இதில் எது வரும்?

பதில்: அது நான் படிப்பித்த பாடம் இல்லை மகள், உங்கள் டீச்சரிடம் கேளுங்கள். கால்டுங் பெயரில் 'ல்' வரும், விட்டுவிடாதீர்கள்.