குடும்ப நகைச்சுவைத் தொடர்கள் விடைபெற்ற விதம்

அன்புள்ள ஐயா,

பழைய அமெரிக்கக் குடும்ப நகைச்சுவைத் தொடர்களை வரிசையாகப் பார்த்து வருகிறேன். ‘தி பிரேடி பஞ்ச்’ முடிந்தபோது ஏமாற்றமே மிஞ்சியது. ஐந்து சீசன்கள் கூடவே வந்த பார்வையாளரிடம் ஒரு வார்த்தைகூடச் சொல்லாமல், ஏதோ ஒரு சாதாரணப் பகுதியோடு நிறுத்திவிட்டார்கள். இது நம்மை மதிக்காத செயல் அல்லவா? அடுத்து ‘தி ஜெஃபர்சன்ஸ்’ பார்க்கலாம் என்றிருக்கிறேன்.

ர., மதுரை

அன்புள்ள ர.,

உங்கள் ஏமாற்றம் எனக்குப் புரிகிறது. ஆனால் 1974 மார்ச் 8 அன்று ஒளிபரப்பான அந்தப் பகுதியை எழுதிப் படமாக்கியவர்களுக்கு அதுதான் கடைசி என்பது தெரியாது. அடுத்த சீசன் உண்டா இல்லையா என்பதை ஒளிபரப்பு நிறுவனம் படப்பிடிப்பெல்லாம் முடிந்த பிறகே முடிவு செய்வது அன்றைய வழக்கம். அதோடு, உள்ளூர் நிலையங்களுக்கு மறு ஒளிபரப்புக்காக விற்பதில்தான் தயாரிப்பாளருக்குப் பெரிய வருமானம் இருந்தது. எந்தப் பகுதியை எந்த நாளில் போட்டாலும் புரியவேண்டும் என்பதால், குடும்பத்தின் நிலையை நிரந்தரமாக மாற்றுகிற எதையும் அவர்கள் தயங்கியே எழுதினார்கள்.

அந்தப் பகுதியில் என்னை வருத்துவது வேறொன்று. மூத்த மகன் கிரெக் பள்ளிப் படிப்பை முடித்துப் பட்டம் பெறுகிறான். அவனுடைய தந்தை அங்கே இல்லை. தைலம் தேய்த்துத் தலைமுடி ஆரஞ்சு நிறமாகும் கதை அபத்தமானது என்று தந்தையாக நடித்த ராபர்ட் ரீட் எதிர்ப்புத் தெரிவித்து, அதில் நடிக்கவே மறுத்துவிட்டார். பிள்ளைகள் வளர்ந்து வீட்டைவிட்டு விலகும் தருணமே குடும்பத் தொடருக்கு இயல்பான முடிவு என்று நான் கருதுகிறேன். அந்தத் தருணம் கைக்கு எட்டியும் அதை வீணடித்துவிட்டார்கள்.

அதற்குப் பதினோரு ஆண்டுகள் முன்பே, 1963 ஜூனில், ‘லீவ் இட் டு பீவர்’ இதைச் செம்மையாகச் செய்திருந்தது. பழைய நினைவேடு ஒன்று கிடைக்க, பெற்றோரும் இரு மகன்களுமாக நால்வரும் சேர்ந்து உட்கார்ந்து அதைப் புரட்டுகிறார்கள். பழைய பகுதிகளின் காட்சிகள் வந்துபோகின்றன. மூத்தவன் கல்லூரிக்கும் இளையவன் உயர்நிலைப் பள்ளிக்கும் போகவிருக்கிறார்கள். முடிவு என்று அறிந்தே எழுதப்பட்ட முதல் நகைச்சுவைத் தொடர்களில் இதுவும் ஒன்று. பின்னாளில், 1989இல், ‘ஃபேமிலி டைஸ்’ தொடரில் மூத்த மகன் அலெக்ஸ் நியூயார்க்குக்கு வேலைக்குக் கிளம்பும்போது அவனுடைய தாய் அந்தப் பிரிவை ஏற்கமுடியாமல் தவிப்பதும் இதே வழியில் வந்த முடிவுதான்.

‘ஆல் இன் தி ஃபேமிலி’ தொடரைத்தான் இவை எல்லாவற்றுக்கும் மேலாக வைப்பேன். 1978இல் மகள் குளோரியா கணவனோடும் குழந்தையோடும் கலிஃபோர்னியாவுக்குக் குடிபெயர்கிறாள். வீட்டில் அவளுடைய பெற்றோர் ஆர்ச்சியும் ஈடித்தும் மட்டும் மிஞ்சுகிறார்கள். தொடர் 1979இல் முடிந்து, ‘ஆர்ச்சி பங்கர்ஸ் பிளேஸ்’ என்ற பெயரில் நீண்டது. ஈடித்தாக நடித்த ஜீன் ஸ்டேபிள்டன் அந்தப் பாத்திரத்திலிருந்து விடுபட விரும்பியதால், 1980இல் ஈடித் இறந்துவிட்டதாக எழுதினார்கள். மரணத்தைக் காட்டவில்லை. மனைவியின் செருப்பு ஒன்று ஆர்ச்சியின் கைக்குக் கிடைக்கிறது. ஆண்டுக்கணக்கில் அவளை அதட்டியே பேசிவந்த மனிதர், அவளை நேசிப்பதாகச் சொல்ல இன்னொரு வாய்ப்புத் தராமல் போய்விட்டாளே என்று உடைந்து அழுகிறார். அதற்குப் பிறகும் 1983 வரை தொடர் ஓடியது. ஆனாலும் அந்தக் குடும்பத்தின் கதை முடிந்த இடம் அதுதான். எனவே கடைசியாக ஒளிபரப்பான பகுதியை மட்டும் வைத்து ஒரு தொடரின் முடிவை எடைபோடவேண்டாம் என்று கேட்டுக்கொள்கிறேன்.

‘தி ஜெஃபர்சன்ஸ்’ அதே ஆர்ச்சியின் அண்டைவீட்டாரிலிருந்து பிறந்த தொடர். பதினோரு சீசன்கள், 253 பகுதிகள். 1985இல் முறையான விடைபெறல் ஏதுமின்றி நிறுத்தப்பட்டது. அதில் கணவன் மனைவியாக நடித்த ஷெர்மன் ஹெம்ஸ்லியும் இசபெல் சான்ஃபோர்டும் பார்வையாளர்களிடம் விடைபெற ஒரு பகுதியாவது அளித்திருக்கவேண்டும். இந்தத் தொடரைப் பொறுத்தவரை உங்கள் கோபத்தில் நானும் பங்குகொள்கிறேன்.