குடை விரியும் இடம்

கேள்வி: ஐயா, திரைப்படக் கல்வி முடித்துவிட்டு ஊர் திரும்பியிருக்கிறேன். 1930-இல் நமது பழைய இராமநாதபுரம் மாவட்டத்தில் ஆதிதிராவிடர்கள் மீது ஆதிக்க சாதித் தலைவர்களான நாட்டார் விதித்த தடைகளையும், அவற்றை மீறியவர்களையும் பற்றி ஒரு வரலாற்றுப் படம் எடுக்க விரும்புகிறேன். செட்டிநாட்டு வீடுகளில் எடுத்தால் கம்பீரமாக இருக்கும் என்கிறார்கள். எங்கிருந்து தொடங்கட்டும்?
– ஒரு வாசகி, கோட்டையூர்.

பதில்: வீட்டிலிருந்து வேண்டாம், அம்மா. பர்மாத் தேக்குத் தூணும் ஆத்தங்குடிக் கல்லும் காட்டாத படமில்லை. முகப்பைத் தாண்டி ஒருமுறை வளவுக்குள் நுழைந்துவிட்ட கேமராவுக்கு வெளியே வர மனம் வராது. உங்கள் கதையோ ஊரணிக் கரையிலும் குடிசை வாசலிலும் இருக்கிறது.

1931 மக்கள்தொகைக் கணக்கெடுப்பின் ஆணையராக இருந்த ஹட்டன், நீங்கள் சொல்லும் அந்த 1930-இன் தடைகள் எட்டையும் பதிவு செய்திருக்கிறார். பொன், வெள்ளி நகை கூடாது; ஆண்களின் வேட்டி முழங்காலுக்குக் கீழே இறங்கக் கூடாது; சட்டை, பனியன், கிராப்பு கூடாது; வீட்டில் மண்பாண்டம் தவிர வேறு பாத்திரம் புழங்கக் கூடாது; பெண்கள் ரவிக்கையோ தாவணியோ அணியக் கூடாது, பூவும் மஞ்சளும் கூடாது; குடையும் செருப்பும் கூடாது. மீறியவர்களின் குடிசைகள் கொளுத்தப்பட்டன, கால்நடைகள் கொள்ளை போயின. அடுத்த ஆண்டே இந்த எட்டு, பதினொன்றாயிற்று. பிள்ளைகள் படிக்கக் கூடாது, மாடுதான் மேய்க்க வேண்டும் என்பதும் அதில் சேர்ந்தது.

இந்தப் பட்டியலே உங்கள் திரைக்கதைக்குப் பாதி வேலையைச் செய்துவிடுகிறது. பினாங்கிலிருந்து திரும்பும் ஒருவன், சித்திரை வெயிலில், மடக்கிய கறுப்புக் குடையோடு ஊர் எல்லையில் நிற்கிறான். விரிப்பதா, கக்கத்தில் இடுக்கிக்கொண்டு நடப்பதா என்று அவன் யோசிக்கும் அரை நிமிடத்துக்கு வசனமே தேவையில்லை.

வசனம் தேவைப்படும் இடத்தில் துணிந்து சொந்தமாக எழுதுங்கள். 1965-இல் அமெரிக்கக் கறுப்பின மக்கள் வாக்குரிமைக்காக நடத்திய பேரணியைப் பற்றி 2014-இல் ‘செல்மா’ எடுத்த ஏவா டுவர்னே, மார்ட்டின் லூதர் கிங்கின் உரைகளுக்கான திரைப்பட உரிமை வேறு இடத்தில் இருந்ததால், அந்த உரைகளின் சாரத்தைத் தம் சொற்களில் எழுதிக்கொண்டார். ஹட்டனின் பட்டியலிலும் தடை போட்டவர் குரல்தான் கேட்கிறது. மீறியவர் குரலை நீங்கள்தான் எழுத வேண்டும். ஆனால் அது நம் பக்கத்துப் பேச்சாக இருக்கட்டும், இன்றைய மேடைப்பேச்சாக வேண்டாம்.

ரவிக்கைத் தடையைப் படமாக்கும்போது மட்டும் மிகுந்த கவனம் வேண்டும். அன்று இழைத்த அவமானத்தை உங்கள் கேமரா மறுபடி இழைத்துவிடக் கூடாது. இரவில் சிம்னி விளக்கடியில் ஒரு தாய் மகளுக்கு ரவிக்கை தைக்கட்டும். ஊசியில் நூல் கோக்கும் விரல்களைக் காட்டினாலே போதும்.