‘மங்கோலிய மொழி’ என்று ஆர்டரில் எழுதினால் போதுமா?

கேள்வி: நீர்மூழ்கி பம்ப் தயாரிக்கும் எங்கள் கோவை நிறுவனத்துக்கு மங்கோலியாவின் தலைநகரான உலான்பாத்தரிலிருந்து முதல் ஆர்டர் வந்திருக்கிறது. இயக்கக் கையேடும் வாரன்டி அட்டையும் மங்கோலிய மொழியில் வேண்டும் என்கிறார்கள். இரண்டு மொழிபெயர்ப்பாளர்களிடம் ஒரு பக்க மாதிரி கேட்டோம். ஒருவர் ரஷ்ய எழுத்தைப் போன்ற ஒன்றில் அனுப்பினார். இன்னொருவர் மேலிருந்து கீழாக இறங்கும் எழுத்தில் அனுப்பினார். இருவரும் தம்முடையதே மங்கோலியம் என்கிறார்கள். எது சரி? பிறகு சீனாவின் உள்மங்கோலியாவிலும் ரஷ்யாவின் புரியாத், கல்மிக் பகுதிகளிலும் விற்க எண்ணம். ஒரே கையேடு எல்லா இடத்துக்கும் போதுமா?
— ஏற்றுமதிப் பிரிவு மேலாளர்

பதில்: இருவர் சொல்வதும் உண்மை. ஆனால் இந்த ஆர்டருக்கு உங்களுக்கு வேண்டியது முதலாமவர் அனுப்பிய சிரில்லிக் எழுத்து. மங்கோலியா 1940களில் பழைய செங்குத்து எழுத்தை விட்டுச் சிரில்லிக்குக்கு மாறியது. பள்ளிப் பாடம், செய்தித்தாள், மருந்துப் பெட்டி, வங்கிப் படிவம் எல்லாம் அன்று முதல் அதில்தான். சீனாவின் உள்மங்கோலியாவில் பழைய எழுத்தே தொடர்கிறது. உங்கள் இரண்டாமவர் அந்தப் பக்கத்துக்காரராக இருக்கவே வாய்ப்பு அதிகம். ஆகவே எந்த மாதிரி சரி என்று இந்த இருவரிடம் கேட்டு முடிவு காண முடியாது. கையேட்டை வாசிக்கப் போகிறவர் எந்த ஊர்ப் பள்ளியில் எழுத்துக் கற்றார் என்பதைத் தெரிந்துகொண்டால் விடை தானாக வந்துவிடும். மொழிபெயர்ப்பு ஆர்டரில் ‘மங்கோலிய மொழி’ என்று மட்டும் எழுதாதீர்கள். ‘மங்கோலியா நாட்டுக்கு, கல்கா மங்கோலியம், சிரில்லிக் எழுத்து’ என்று மூன்றையும் எழுதுங்கள். கல்கா என்பது அந்நாட்டின் பெரும்பான்மை மக்களின் பெயர். அவர்கள் பேச்சே அங்கே பொது மொழிக்கு அடிப்படை.

உங்கள் விநியோகஸ்தர் ஒரு புதுச் சட்டத்தைச் சொல்லிக் குழப்பக்கூடும். 2015-இல் இயற்றப்பட்ட மங்கோலிய மொழிச் சட்டப்படி, 2025 ஜனவரி 1 முதல் அரசு அலுவல்கள் இரு எழுத்துகளிலும் நடக்க வேண்டும். நல்ல முயற்சி, மனமார வரவேற்கிறேன். ஆனால் அது அரசு ஆவணங்களைப் பற்றிய ஏற்பாடு. கோபிப் பாலைவனத்தில் ஆழ்துளைக் கிணற்றருகே உங்கள் பம்ப்பைப் பூட்டுகிற ஐம்பது வயது மனிதர் சரளமாக வாசிப்பது சிரில்லிக்கைத்தான். அட்டையில் மட்டும் தலைப்பைப் பழைய எழுத்திலும் அச்சிடுங்கள். அந்நாட்டு துக்ரிக் நோட்டுகளிலேயே இரண்டு எழுத்தும் இருக்கின்றன. அங்கே அது மரியாதையாகவே எடுத்துக்கொள்ளப்படும்.

இனி மொழிபெயர்ப்பைப் பார்ப்போம். தமிழ் பேசுகிறவர்களுக்கு இங்கே எதிர்பாராத ஒரு வசதி உண்டு. நீர்மூழ்கி பம்ப் கையேடு எதிலும் முதலில் வரும் எச்சரிக்கை, பம்ப்பை டிரை ரன் ஆக விடக் கூடாது என்பது. கல்காவில் அது ‘உஸ்குய் அஜில்லூல்ஜ் பொலொஹ்குய்’. ‘உஸ்’ நீர், ‘குய்’ இன்றி. ‘அஜில்’ வேலை, அதிலிருந்து வேலை செய்ய வைத்தல் என்ற பிறவினை, அதன் மேல் நம் வினையெச்சம் போன்ற ஈறு. கடைசிச் சொல் ‘ஆகாது’. நீரின்றி இயக்கல் ஆகாது! சொல் வரிசையும், ஒன்றன்மேல் ஒன்றாக ஒட்டும் விகுதிகளும், முடிவில் நிற்கும் வினையும் தமிழைப் போலவே வருகின்றன. இதனால் இரு மொழிகளும் ஓரினம் என்று சிலர் முடிவு கட்டுகிறார்கள்; அப்படி நிறுவப்படவில்லை. துருக்கி, ஜப்பானிய மொழிகளிலும் இதே அமைப்பு உண்டு. உங்களுக்கு இதில் கிடைக்கும் பயன் வேறு: ஆங்கில மூலத்தோடு நேரான தமிழ் வடிவம் ஒன்றையும் பக்கத்தில் வைத்துக்கொண்டு, மொழிபெயர்ப்பாளரிடம் சொல்லுக்குச் சொல் பொருள் கேட்டால், எந்தத் துண்டு எங்கே போயிருக்கிறது என்பதை நீங்களே பின்தொடர முடியும். ஆங்கிலத்தை மட்டும் வைத்துக்கொண்டு இதைச் செய்வது கடினம்.

ஆனால் விகுதியில் ஒரு பொறி இருக்கிறது, பல நிறுவனங்கள் விழுவது அதில்தான். கல்காவில் ஒரு சொல்லுக்குள் வரும் உயிரொலிகள் ஒரே குழுவைச் சேர்ந்தவையாக இருக்க வேண்டும். விகுதியும் சொல்லின் உயிரைப் பார்த்துத் தன் உயிரை மாற்றிக்கொள்ளும். நம் ‘இலிருந்து’ எந்தச் சொல்லோடும் மாறாமல் ஒட்டும். கல்காவில் ஒன்றிலிருந்து என்றால் ‘நெகேஸ்’, இரண்டிலிருந்து ‘ஹொயொரோஸ்’, ஐந்திலிருந்து ‘தவாஸ்’. நான்குக்கு இன்னொரு வடிவம் உண்டு, அதன் உயிரொலிக்குத் தமிழில் எழுத்தே இல்லை. இலக்கத்தில் எழுதினாலும் இந்த விகுதி இலக்கத்தை வாசிக்கும் ஒலிக்கு ஏற்பவே ஒட்டும். ‘__-இலிருந்து __ வரை’ என்று எண்ணுக்கு வெற்றிடம் விட்ட வாக்கியத்தை ஒருமுறை மொழிபெயர்த்து வாங்கி, ஒவ்வொரு மாடலுக்கும் எண்ணை மட்டும் மாற்றிப் போடும் வழக்கம் உங்களிடம் இருந்தால், அதை இங்கே கைவிடுங்கள். ஒவ்வொரு மாடலுக்கும் முழு வாக்கியமாகக் கொடுத்து வாங்குங்கள். செலவு கொஞ்சம் கூடும். பிழை மலிந்த கையேட்டை மறுபடி அச்சிடுவதைவிடக் குறைவுதான்.

அச்சகத்தில் கவனிக்க வேண்டியது எழுத்துரு. மங்கோலியச் சிரில்லிக்கில் 35 எழுத்துகள். ரஷ்யனின் 33-உடன் இரண்டு கூடுதல்: நடுவே குறுக்குக் கோடு போட்ட வட்டம் ஒன்று, ஆங்கில ஒய் போலிருந்து வால் வளையாமல் நேராக இறங்கும் எழுத்து ஒன்று. ரஷ்யனுக்கென்று செய்த பழைய எழுத்துருக்களில் இந்த இரண்டும் இருப்பதில்லை. அச்சில் அந்த இடங்கள் வெற்றுக் கட்டங்களாகும், அல்லது யாராவது பார்வைக்கு ஒத்த வேறெழுத்தைப் போட்டு ஒப்பேற்றிவிடுவார்கள். வால் வளைந்த ஒய்யில் தொடங்கினால் ‘உஸ்’ நீர். நேர்வால் எழுத்தில் தொடங்கினால் அது தலைமுடி. பம்ப் கையேட்டில் இந்த இரண்டும் இடம் மாறக் கூடாது அல்லவா? புரூஃப் வந்ததும் மொழி தெரியாவிட்டாலும் இந்த இரண்டு எழுத்துகளையும் மூலக் கோப்போடு வைத்துக் கண்ணாலேயே ஒப்பிட்டுவிடலாம்.

உள்மங்கோலியாவுக்குப் போகும்போது, கையில் உள்ள சிரில்லிக் கையேட்டை மென்பொருளால் பழைய எழுத்துக்கு மாற்றிவிடலாம் என்று யாராவது சொன்னால் ஒப்புக்கொள்ளாதீர்கள். சிரில்லிக் இன்றைய கல்காப் பேச்சை ஒட்டி எழுதப்படுவது. பழைய எழுத்து பல நூற்றாண்டுக்கு முந்தைய ஒலிப்பைத் தாங்கி நிற்பது. மலையை இன்று ‘ஊல்’ என்கிறார்கள். பழைய எழுத்தில் அது ‘அகுலா’. ‘உலான்பாத்தர்’ அதில் ‘உலகான் பகாதூர்’, செவ்வீரன். இந்தப் ‘பகாதூர்’தான் பாரசீகம் வழியே இந்தியாவுக்கு வந்து ராவ்பகதூர் பட்டத்தில் உட்கார்ந்தது. மேலும் அந்த எழுத்தில் ‘த’வின் வல்லொலிக்கும் மெல்லொலிக்கும் பல இடங்களில் ஒரே வடிவம், ‘ஒ’வுக்கும் ‘உ’வுக்கும் அப்படியே. நாம் ஒரே ‘க’வை வைத்துக்கொண்டு இடம்பார்த்து வாசிப்பதைப் போல அவர்களும் சொல்லைத் தெரிந்துகொண்டு வாசிக்கிறார்கள். இயந்திரம் அந்த இடத்தில்தான் தடுமாறுகிறது. கலைச்சொற்களும் வேறு. மங்கோலியாவில் பம்ப்புக்கு ‘நசோஸ்’ என்ற ரஷ்யச் சொல்லும் ‘ஷஹூர்க’ என்ற சொந்தச் சொல்லும் புழங்குகின்றன. உள்மங்கோலியாவில் ரஷ்யச் சொற்களின் இடத்தில் சீனச் சொற்களையும் அங்கேயே ஆக்கிய சொற்களையும் காண்பீர்கள். அங்கே பள்ளிப்படிப்பு முடித்த ஒருவர் புதிதாக மொழிபெயர்ப்பதே முறை. உங்கள் இரண்டாமவரின் முகவரியைப் பத்திரமாக வைத்திருங்கள்.

பக்க வடிவமைப்பாளருக்கும் ஒரு வார்த்தை சொல்லிவிடுங்கள். இந்த எழுத்தில் வரிகள் மேலிருந்து கீழே இறங்கி, இடமிருந்து வலமாக அடுக்கப்படும். செங்குத்தாக எழுதும் சீன மரபில் வரிகள் வலமிருந்து இடமாகப் போகும்; அதில் பழகியவர் வரிசையைத் தலைகீழாக்கிவிடுவார். யுனிகோடில் 1999-லேயே இந்த எழுத்துக்கு இடம் கிடைத்துவிட்டது. ஆனாலும் பார்வைக்கு ஒன்றாக இருக்கும் இரண்டு சொற்கள் உள்ளே வேறு குறியீடுகளாக இருக்க முடியும், உள்ளூர்க் குறியாக்கங்களும் புழக்கத்தில் உள்ளன. எனவே எழுத்துக் கோப்பை மட்டும் வாங்காமல், எழுத்துரு பதித்த பிடிஎஃப் ஒன்றையும் கேட்டு வாங்கி, அச்சு அதைப் போலவே வந்திருக்கிறதா என்று பாருங்கள்.

உள்மங்கோலியாவில் சுமார் 42 லட்சம் மங்கோலியர் வாழ்கிறார்கள். மங்கோலியா நாட்டின் மொத்த மக்கள்தொகையே 35 லட்சம்தான். ஆனால் 2 கோடியே 40 லட்சம் பேர் உள்ள அந்தப் பகுதியில் அவர்கள் ஐந்தில் ஒரு பங்குக்கும் குறைவு. சீனக் கையேடு இல்லாமல் அங்கே விற்க இயலாது. 2020-இல் அங்குள்ள பள்ளிகளில் மொழி, அரசியல், வரலாறு ஆகிய பாடங்களைச் சீன மொழிக்கு மாற்றியபோது பெற்றோர் பிள்ளைகளைப் பள்ளிக்கு அனுப்ப மறுத்துப் போராடினார்கள். தாய்மொழியில் ஒரு கையேடு அங்கே எப்படிப் பார்க்கப்படும் என்பதை இதிலிருந்தே நீங்கள் உணரலாம். சீனத்தோடு சேர்த்து அதையும் கொடுங்கள்.

புரியாத், கல்மிக் இரண்டும் மங்கோலிய மொழிக் குடும்பத்தைச் சேர்ந்தவை. ஆனால் கல்காவின் கொச்சை வடிவங்கள் அல்ல. பைக்கால் ஏரியைச் சுற்றி வாழும் புரியாத் மக்கள் நீரை ‘உஹான்’ என்பார்கள். கல்காவின் ‘ஸ’ பல சொற்களில் அங்கே ‘ஹ’ ஆகியிருக்கிறது, அதற்கென்று தனி எழுத்தும் சேர்த்திருக்கிறார்கள். தமிழில் ‘போகிறேன்’ என்றால் யார் என்று வினையே சொல்லிவிடுகிறது அல்லவா? புரியாத்திலும் அப்படித்தான்: ‘யபனப்’. கல்காவின் ‘யவ்ன’வில் அந்த விகுதி இல்லை. கல்மிக் மக்கள் 17-ஆம் நூற்றாண்டில் மேற்கே வோல்கா ஆற்றங்கரைக்குப் பெயர்ந்த ஒய்ராத் என்ற மேற்கு மங்கோலிய மக்களின் வழியினர். இன்று காஸ்பியன் கடலுக்கு வடமேற்கே, எலிஸ்டாவைத் தலைநகராகக் கொண்ட குடியரசில் வாழ்கிறார்கள். 1943 டிசம்பரில் ஸ்டாலின் ஆட்சி அந்த மக்கள் அனைவரையும் சைபீரியாவுக்கு நாடு கடத்தியது. 1957-இல்தான் திரும்பும் வழி பிறந்தது. இடையில் ஒரு தலைமுறை தாய்மொழிப் பள்ளியே இல்லாமல் வளர்ந்தது, அந்தக் காயம் மொழியில் இன்னும் ஆறவில்லை. யுனெஸ்கோ இரண்டையும் அழியும் ஆபத்தில் உள்ள மொழிகளாகப் பட்டியலிட்டிருக்கிறது.

வணிகக் கணக்கில் பார்த்தால் இந்த இரு இடங்களுக்கும் ரஷ்யக் கையேடு போதும். எல்லோரும் ரஷ்யன் வாசிப்பவர்கள். அதோடு எச்சரிக்கைப் பக்கத்தை மட்டுமாவது புரியாத்திலும் கல்மிக்கிலும் போடுங்கள் என்று உங்களிடம் கேட்டுக்கொள்கிறேன். அதை அந்தந்த மொழிக்காரரே எழுத வேண்டும். கல்காக் கையேட்டின் மிச்சப் பிரதிகளை ‘எல்லாம் ஒன்றுதானே’ என்று அனுப்பிவிடாதீர்கள். அவர்களிடம் நீங்கள் சொல்லக்கூடிய மிகத் தவறான வாக்கியம் அது.

மங்கோலிய மொழிக் குடும்பத்தில் வேறு மொழிகளும் உண்டு. சீனாவின் கான்சு மாகாணத்தில் முஸ்லிம்களான தொங்சியாங் மக்கள் மட்டும் ஏழு லட்சத்துக்கு மேல். சிங்ஹாய் மாகாணத்தில் து மொழி, சீனாவின் வடகிழக்கே தவூர் மொழி. அங்கெல்லாம் அச்சுக்குச் சீனம்தான் வழி. மங்கோலியாவுக்குள்ளேயே மேற்குக் கோடியில் பயான்-உல்கியில் பெரும்பான்மையினர் கசாக்குகள்; அவர்கள் மொழி துருக்கியக் குடும்பம். அங்கிருந்து ஆர்டர் வந்தால் கசாக் மொழியிலும் ஒரு பக்கம் வேண்டுமா என்று விநியோகஸ்தரைக் கேளுங்கள்.

கடைசியாக, வாரன்டி அட்டை. ‘முதல் பெயர்’, ‘குடும்பப் பெயர்’ என்ற இரண்டு கட்டங்களை அப்படியே போட்டுவிடாதீர்கள். மங்கோலியாவில் நம் தலைப்பெழுத்து முறைதான்: தந்தை பெயர் முன்னால், தன் பெயர் பின்னால். 2009 முதல் 2017 வரை அதிபராக இருந்தவர் சஹியாகீன் எல்பெக்தோர்ஜ். சஹியா தந்தை, ‘கீன்’ உடைய என்ற விகுதி. சுருக்கி எழுதும்போது தந்தை பெயரின் முதலெழுத்தும் புள்ளியும் போட்டு எல்பெக்தோர்ஜ் என்பார்கள். தந்தை பெயரைக் குடும்பப் பெயராக எண்ணி ‘மிஸ்டர் சஹியா’ என்று கடிதம் எழுதினால் அது அவருடைய அப்பாவுக்குப் போகும். அட்டையில் ‘தந்தை பெயர்’, ‘பெயர்’ என்று அச்சிடுங்கள். வயதில் பெரியவருக்குக் கடிதம் எழுதும்போது அவர் சொந்தப் பெயருக்குப் பின்னால் ‘குவாய்’ சேருங்கள். நம் ‘ஐயா’ போல அது. ரஷ்யப் பகுதிகளுக்கான அட்டையில் மட்டும் குடும்பப் பெயர்க் கட்டம் இருக்கட்டும். புரியாத்துகளும் கல்மிக்குகளும் ரஷ்ய முறைப்படி அதை எழுதுகிறார்கள்.