கெல்லி சொன்னானா, சொன்னாளா?

வணக்கம் ஐயா,

அமெரிக்க நிறுவனம் ஒன்றின் பணியாளர் நேர்காணல்களைத் தமிழாக்கிக்கொண்டிருக்கிறேன். அதில் கெல்லி என்று ஒருவர். புகைப்படம் இல்லை. 'கெல்லி சொன்னாள்' என்றே பத்துப் பக்கம் எழுதிவிட்டேன். பதினோராம் பக்கத்தில், கல்லூரியின் ஆண்கள் கூடைப்பந்து அணியில் ஆடியதாக அவரே சொல்கிறார். இணையத்தில் தேடினால் 'ஐரிஷ் பெயர், இருபாலருக்கும் உரியது' என்று எல்லாத் தளங்களும் சொல்கின்றன. பொருளில்தான் குழப்பம். ஒன்று 'போர்வீரர்' என்கிறது, ஒன்று 'ஒளி பொருந்திய தலை' என்கிறது, இன்னொன்று 'தேவாலயத்துக்கு அடிக்கடி போகிறவர்' என்கிறது. எது சரி? அயர்லாந்தில் உண்மையிலேயே ஆணுக்கும் பெண்ணுக்கும் இந்தப் பெயரை வைத்து வந்தார்களா? அடிக்குறிப்பில் என்ன எழுதுவது?

ர., திருச்சி

அன்புள்ள ர.,

கெல்லி என்ற சொல் பிறந்தது அயர்லாந்தில். அது இருபாலருக்கும் பொதுவான முதற்பெயராக ஆனது அமெரிக்காவில். இந்த இரண்டு செய்திகளையும் ஒரே வரியில் சேர்த்து 'ஐரிஷ் இருபால் பெயர்' என்று எழுதிவிடுகிறார்கள். நீங்கள் பார்த்த தளங்களின் முதல் பிழை அதுதான். ஐரிஷ் மொழியில் இது பால்பொதுப் பெயரே அல்ல. சொல்லப்போனால், ஆணா பெண்ணா என்பதோடு பெண்ணென்றால் மகளா மனைவியா என்பதையும் சேர்த்துச் சொல்லிவிடும் பெயர் அது.

மூலம் 'க்யல்லஃக்' என்ற பழைய ஆண்பெயர். கடைசி ஒலி தொண்டையில் உரசி வருவது, நம் ஆய்தத்துக்கு நெருக்கமானது. அந்தப் பெயரில் அரசர்களும் இருந்தார்கள், ஆயர்களும் இருந்தார்கள். அர்மாவின் பேராயராக இருந்து 1129இல் இறந்த புனிதர் ஒருவருக்கு அதுதான் பெயர். லத்தீனில் அவரைச் செல்சஸ் என்று எழுதினார்கள். லத்தீனில் அந்தச் சொல்லுக்கு 'உயர்ந்தவர்' என்று பொருள். ஒலி ஒத்துப்போனதால் மாட்டிய சட்டைதான் அது, மொழிபெயர்ப்பல்ல. இதையும் 'கெல்லி என்றால் உயர்ந்தவர்' என்று யாராவது எழுதியிருந்தால் ஆச்சரியமில்லை.

இன்றைய கால்வே, ராஸ்காமன் மாவட்டங்களில் பரந்திருந்தது ஊ மானி என்ற அரசு. அங்கே ஆண்ட ஒரு க்யல்லஃக்கின் வழிவந்தவர்கள் 'ஓ க்யல்லீ' எனப்பட்டார்கள். 'ஓ' என்றால் பேரன், வழித்தோன்றல். அவர்களில் டைக் மோர் என்பவர் 1014இல் குளோன்டார்ஃப் போரில் அயர்லாந்தின் பேரரசர் பிரையன் போருவின் பக்கம் நின்று மடிந்தார். 1351 கிறிஸ்துமஸின்போது அக்குடித் தலைவர் வில்லியம் அயர்லாந்தின் கவிஞர்கள், இசைவாணர்கள் எல்லோரையும் அழைத்து விருந்து வைத்தார். விருந்தினர் தங்குவதற்குத் தெருத்தெருவாக வீடுகள் கட்டப்பட்டன. விருந்தைப் பாடிய கவிதை அந்த வீட்டு வரிசைகளை கையால் எழுதிய ஓர் ஏட்டுப் பக்கத்தின் வரிகளாகவும், தலைவரின் கோட்டையை அப்பக்கத்தின் பெரிய முதலெழுத்தாகவும் காண்கிறது. மனம் நிறைந்த உபசரிப்பை இன்றும் ஐரிஷ் மொழியில் 'ஓ க்யல்லீயின் வரவேற்பு' என்றுதான் சொல்வார்கள். ஒரு பெயருக்கு என்ன பொருள் என்று கேட்டால் அகராதியைவிட இதுதான் எனக்கு முக்கியமாகப் படுகிறது.

ஊ மானி மட்டுமல்ல, ஒன்றோடொன்று தொடர்பில்லாத பல குடிகள் தனித்தனியாக இதே பெயரை எடுத்துக்கொண்டன. அதனால்தான் இது இவ்வளவு பெருகியது. 1890ஆம் ஆண்டுப் பிறப்புப் பதிவுகளை வைத்து அயர்லாந்தின் தலைமைப் பதிவாளர் அலுவலகத்தைச் சேர்ந்த மாத்திசன் கணக்கிட்டபோது, மர்ஃபி சுமார் 62,600 பேர், அடுத்த இடத்தில் கெல்லி சுமார் 55,900 பேர்.

இனி இலக்கணத்துக்கு வருகிறேன். உங்கள் கேள்விக்கு விடை அங்கேதான் இருக்கிறது. ஆண் 'ஓ க்யல்லீ'. மணமாகாத மகள் 'நீ ஹ்யல்லீ'. மனைவி 'ஈ ஹ்யல்லீ'. 'நீ', 'ஈ' என்ற முன்னொட்டுகளுக்குப் பின்னால் வரும் முதல் மெய் மென்மையாகி, 'க' உரசொலியாகிவிடும். தமிழில் இரண்டு சொற்கள் சேரும்போது வல்லினம் மிகுவதைப் பார்த்திருக்கிறோம். ஐரிஷில் அதே இடத்தில் வல்லினம் இளகும். பழைய ஐரிஷ் எழுத்தில் இந்த இளக்கத்தைக் காட்ட எழுத்தின் தலையில் ஒரு புள்ளி வைப்பார்கள். நம் புள்ளி உயிரை எடுத்துவிடுகிறது, அவர்கள் புள்ளி வன்மையை எடுத்துவிடுகிறது. இப்போது புள்ளிக்குப் பதில் எழுத்துக்குப் பக்கத்தில் ஒரு 'எச்' எழுதுகிறார்கள்.

ஆக, ஐரிஷில் பெயரைக் கேட்டாலே ஆளின் பால் தெரிந்துவிடும். ஆங்கில ஆட்சியில், குறிப்பாக 17ஆம் நூற்றாண்டுக்குப் பிறகு, ஆவணங்களில் ஆங்கில எழுத்துக்கூட்டு ஏறியபோது இதெல்லாம் உதிர்ந்துபோனது. 'ஓ' போனது, 'நீ' போனது, இளகிய மெய்யும் போனது. அப்பாவும் மகளும் மனைவியும் ஒரே 'கெல்லி' ஆனார்கள். 19ஆம் நூற்றாண்டின் இறுதியில் மொழி மீட்பு இயக்கம் எழுந்தபோது பல குடும்பங்கள் 'ஓ'வைத் திரும்பச் சேர்த்துக்கொண்டன. ஓ'சல்லிவன், ஓ'நீல் என்று பரவலாகக் கேட்கிறோம். கெல்லிகளில் பெரும்பாலோர் வெறும் கெல்லியாகவே நின்றுவிட்டார்கள். இலக்கணத்தை இழந்த அந்த மொட்டைச் சொல்தான் பின்னால் இரு பக்கமும் போக முடிந்தது.

சொல் பொதுவாகிவிட்டாலும் குழந்தைக்கு அதை முதற்பெயராக வைக்கும் வழக்கம் அயர்லாந்தில் உடனே வரவில்லை. குடும்பப்பெயரை முதற்பெயராக வைப்பது இங்கிலாந்து, ஸ்காட்லாந்து நிலவுடைமைக் குடும்பங்களின் பழக்கம். கத்தோலிக்க வீடுகளில் புனிதர் பெயர்தான் வைப்பார்கள். 1917ஆம் ஆண்டின் திருச்சபைச் சட்டத் தொகுப்பு, ஞானஸ்நானத்தில் கிறிஸ்தவப் பெயர் இடப்படுவதைப் பங்குகுரு பார்த்துக்கொள்ள வேண்டும் என்கிறது. பெற்றோர் வேறு பெயரில் பிடிவாதமாக இருந்தால், அதோடு ஒரு புனிதர் பெயரைச் சேர்த்துப் பதிவேட்டில் எழுதச் சொல்கிறது. மேரி கெல்லியும் பேட்ரிக் கெல்லியும் ஆயிரக்கணக்கில் இருந்த நாட்டில் 'கெல்லி மர்ஃபி' என்று ஒரு குழந்தை இருந்தால் அது வேடிக்கையாகத்தான் ஒலித்திருக்கும்.

அமெரிக்காவில் கதை வேறு. அங்கே 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் கெல்லி என்றால் சண்டைக்கு அஞ்சாத ஐரிஷ்காரன் என்ற சித்திரம் பாட்டுகளில் பரவியிருந்தது. லாக்ஹீட் நிறுவனத்தில் யு-2, எஸ்ஆர்-71 விமானங்களை வடிவமைத்த கெல்லி ஜான்சனைப் பாருங்கள். 1910இல் மிச்சிகன் மாநிலத்தின் இஷ்பெமிங்கில் ஸ்வீடன் நாட்டுப் பெற்றோருக்குப் பிறந்தவர். இயற்பெயர் கிளாரன்ஸ். பள்ளியில் 'கிளாரா' என்று பெண்பெயரால் கேலி செய்த ஒருவனை இடறி விழச்செய்ததில் அவன் கால் முறிந்தது. இவன் கிளாரா இல்லை என்று முடிவு செய்த மற்ற பையன்கள், அப்போது பிரபலமாயிருந்த ஒரு பாட்டிலிருந்து 'கெல்லி' என்ற பெயரை எடுத்து அவருக்குச் சூட்டினார்கள். பெண்பெயர் என்ற கேலிக்கு மாற்றாக, ஆண்மை மிக்க பெயர் என்று தேர்ந்தெடுக்கப்பட்டது கெல்லி! அவர் ஓய்வுபெற்ற 1975இல் அமெரிக்கப் பள்ளிகளில் கெல்லி என்று கூப்பிட்டால் திரும்பிப் பார்த்தவர்களில் பெரும்பாலோர் பெண்பிள்ளைகள்.

நடுவில் என்ன நடந்தது? 1940கள்வரை முதற்பெயர் கெல்லி அரிது, இருந்தவர்களும் பெரும்பாலும் ஆண்கள். 1950களில் நடிகை கிரேஸ் கெல்லியின் புகழால் அந்தச் சொல்லுக்கு ஒரு நளினம் வந்தது. 1957இல் தொடங்கிய ஒரு தொலைக்காட்சித் தொடரில் மாமாவிடம் வளரும் பெண்ணுக்குக் கெல்லி என்று பெயர். அந்தக் காலத்தில்தான் பெண்குழந்தைகளுக்கு இப்பெயர் வேகமாக ஏறுகிறது. 1976இல் வந்த புகழ்பெற்ற துப்பறியும் தொடரின் மூன்று நாயகிகளில் ஒருத்தி கெல்லி. 1977இல் அமெரிக்கப் பெண்குழந்தைப் பெயர்களில் கெல்லி 10ஆம் இடம். ஆனால் தொலைக்காட்சியால்தான் இந்தப் பெயர் வந்தது என்று எழுதிவிடாதீர்கள். ஏற்கெனவே ஏறிக்கொண்டிருக்கும் பெயரைத்தான் கதை எழுதுகிறவர்களும் பாத்திரத்துக்கு வைப்பார்கள். தொடர் அந்த ஏற்றத்தை இன்னும் உந்திவிடும், அவ்வளவே.

நீங்கள் கவனிக்க வேண்டிய இடம் இது. பெண்களுக்கு ஏறியபோதே ஆண்களுக்கும் ஏறியது. ஆண்கள் பட்டியலில் அதன் உச்சம் 1960களின் பின்பாதி. பிறகு ஆண்கள் பக்கம் முதலில் சரிந்தது. காரணம் எளிது: மகனுக்குப் பெண்பெயர் வைத்துவிட்டோமோ என்ற அச்சம் பெற்றோருக்கு வந்துவிட்டால் அந்தப் பெயரைத் தொடமாட்டார்கள். மகளுக்கு ஆண்பெயர் வைப்பதில் அந்தத் தயக்கம் இல்லை. சமூகவியலாளர் ஸ்டான்லி லீபர்சன் இருவரோடு சேர்ந்து இல்லினாய் மாநிலப் பிறப்புப் பதிவுகளை ஆராய்ந்து 2000இல் வெளியிட்ட கட்டுரை இதைத்தான் காட்டியது. இருபால் பெயர்கள் நிலையாக நிற்பதில்லை, ஒரு பக்கம் சாய்ந்துவிடுகின்றன. ஒரு தெருவில் ஒருசிலர் வீடு மாறியதும் மற்றவர்களும் அடுத்தடுத்து வெளியேறுவதுபோல. ஷானன், டிரேசி, லெஸ்லி எல்லாம் இதே வழியில் போனவைதான். இன்று கெல்லியின் இடத்தில் ரைலி, குவின் ஆகியவை நிற்கின்றன. அவையும் ஐரிஷ் குடும்பப்பெயர்களே.

உங்கள் நேர்காணலில் வருபவர் அமெரிக்காவில் 1960களில் பிறந்தவர் என்றால் ஆணாக இருக்கவும் ஓரளவு வாய்ப்பு உண்டு. 1980களில் பிறந்தவர் என்றால் பெண்ணாக இருக்கவே வாய்ப்பு அதிகம். எழுத்துக்கூட்டும் துப்பு தரும். தமிழில் எல்லாமே கெல்லிதான், ஆங்கிலத்தில் நான்கு வடிவங்கள் உண்டு. 'ஐ' எழுத்திலோ 'ஐ-இ' என்றோ முடிந்தால் ஏறக்குறைய உறுதியாகப் பெண். 'ஒய்' என்றோ 'இ-ஒய்' என்றோ முடிந்தால் இரண்டும் இருக்கலாம்.

நீங்களே எண்களைப் பார்க்க விரும்பினால் அமெரிக்கச் சமூகப் பாதுகாப்பு நிர்வாகத்தின் குழந்தைப் பெயர்ப் பட்டியல் 1880 முதல் இலவசமாகக் கிடைக்கிறது. பயன்படுத்தும்போது சில குழிகள் உண்டு. நான்கு எழுத்துக்கூட்டுகளையும் அது நான்கு பெயர்களாக எண்ணுகிறது, நாம்தான் கூட்டிக்கொள்ள வேண்டும். ஓராண்டில் ஐந்து குழந்தைகளுக்குக் குறைவாக இடப்பட்ட பெயர் பட்டியலில் வராது. எனவே பெயர் இல்லாவிட்டால் ஒருவருமே இல்லை என்று பொருளல்ல. 1937க்கு முன் பிறந்த பலர் சமூகப் பாதுகாப்பு அட்டைக்கு விண்ணப்பித்ததே இல்லை, ஆகவே பழைய ஆண்டுகளின் எண்கள் குறைவாகவே காட்டும். பால் குறிப்பதில் எழுத்தர் பிழைகளும் திருத்தப்படாமல் இருக்கின்றன. 1970களின் பட்டியலில் ஜெனிஃபர் என்ற பெயரில்கூட ஆண்குழந்தைகள் இருப்பார்கள். கோடிக்கணக்கான பதிவுகளில் தவறான கட்டத்தில் இட்ட குறிகள் அவை. கெல்லியின் ஆண் எண்ணிக்கை அப்படிப்பட்டதல்ல, அது மெய்யான வழக்கு. இன்னொன்று, இடவரிசையை மட்டும் பார்க்காதீர்கள். பெற்றோர் தேர்ந்தெடுக்கும் பெயர்கள் இப்போது மிகவும் சிதறிவிட்டதால், 1977இன் 10ஆம் இடமும் இன்றைய 10ஆம் இடமும் ஒன்றல்ல. ஆயிரம் பிறப்புக்கு எத்தனை என்று கணக்கிட்டால்தான் ஒப்பிட முடியும்.

பொருளைப் பற்றி. பழைய ஐரிஷில் 'சண்டை, பூசல்' என்று பொருள்படும் இதே வடிவச் சொல் இருக்கிறது. குடும்பப்பெயர் ஆய்வாளர்கள் அதிகம் சாய்வது அதன் பக்கம்தான். 'போர்வீரர்' என்பது அதை மெருகேற்றிச் சொன்னது. 'தேவாலயம்' என்ற விளக்கம் லத்தீனிலிருந்து வந்த 'கில்' என்ற சொல்லோடு இணைக்கிறது. இலக்கணப்படி இடமுண்டு, ஆனால் மறத்தில் திளைத்த அரசர் பெயருக்கு அது எனக்குப் பொருத்தமாகப் படவில்லை. 'ஒளி பொருந்திய தலை'க்கு மிகவும் நலிந்த ஆதாரம்தான். 'தோப்பு' என்றும் எங்காவது பார்ப்பீர்கள். அது இங்கிலாந்தின் டெவனில் உள்ள கெல்லி என்ற ஊரின் பெயருக்கான கார்னிஷ் மூலம், வேறு சொல்.

அடிக்குறிப்பு இப்படி இருக்கலாம்: 'கெல்லி: க்யல்லஃக் என்ற பழைய ஐரிஷ் ஆண்பெயரிலிருந்து வந்த குடும்பப்பெயர், 20ஆம் நூற்றாண்டின் நடுவிலிருந்து அமெரிக்காவில் இருபாலருக்கும் முதற்பெயராக வழங்குகிறது.' பொருளை விட்டுவிடுங்கள். நேர்காணலில் 'சொன்னார்' என்றே முழுக்க மாற்றுங்கள், மற்ற பணியாளர்களுக்கும் சேர்த்து. ஒருவருக்கு மட்டும் 'ஆர்' போட்டு மற்றவர்களை 'ஆன்', 'ஆள்' என்று விட்டால் கெல்லி அவர்களுக்கு மேலதிகாரி என்று வாசகர் எடுத்துக்கொள்வார். மாற்றும்போது 'சொன்னாள்' என்பதை மட்டும் தேடினால் போதாது. 'அவளுடைய', 'அவளுக்கு', 'வந்தவள்', 'தானே செய்தவள்' என்று சுட்டுப்பெயர்களிலும் வினையாலணையும் பெயர்களிலும் பால் ஒளிந்திருக்கும். அந்தப் பத்துப் பக்கத்தையும் கண்ணால் ஒருமுறை படித்துவிடுங்கள்.

அன்புடன்