ஹோல்கம் நிலக்கிழார் தாமஸ் குக்: உங்கள் கேள்விகளுக்குப் பதில்

இங்கிலாந்தின் கிழக்கே நார்ஃபோக் கவுண்டியில் (நம் மாவட்டம் போன்ற பகுதி) ஹோல்கம் பண்ணையை ஆண்டவர் தாமஸ் வில்லியம் குக் (1754–1842). இடையிடையே சில வருடங்கள் போக, 1776 முதல் 1832 வரை அந்தக் கவுண்டிக்கு அவரே எம்.பி. அவரைப் பற்றி வந்த கேள்விகளில் சிலவற்றுக்கு இங்கே பதில் சொல்கிறேன்.

கேள்வி: சார், அவர் ஆசைப்பட்டு அரசியலுக்கு வந்தாரா, குடும்ப வழக்கமா?

குடும்ப வழக்கம்தான். அப்பா வென்மன் குக் நார்ஃபோக் எம்.பி.யாக இருந்தார். 1776ல் அவர் இறந்ததும் இருபதுகளின் தொடக்கத்தில் இருந்த மகனுக்கு நிலமும் வந்தது, தொகுதியும் வந்தது. நிலத்தையும் ஓட்டையும் அன்று பிரிக்கவே முடியாது. வருடத்துக்கு 40 ஷில்லிங் மதிப்புள்ள சொந்த நிலம் வைத்திருக்கும் ஆண்களுக்குத்தான் கவுண்டித் தேர்தலில் ஓட்டு. அதையும் எல்லார் முன்னாலும் வாய்விட்டுச் சொல்ல வேண்டும். யார் யாருக்குப் போட்டார்கள் என்று அச்சிட்டே விற்பார்கள். இரகசிய வாக்கு 1872ல்தான் வந்தது.

கேள்வி: ஒரு புல்லுக்கு இரண்டு முயல்கள் சண்டை போட்ட பொட்டல் காட்டை அவர்தான் விளைநிலமாக்கினாராமே?

இந்தக் கதையை நம்பாதீர்கள். பண்ணையின் பழைய கணக்குகளைப் பார்த்த வரலாற்று ஆய்வாளர்கள் இதை எப்போதோ ஒதுக்கிவிட்டார்கள். மண்ணில் சுண்ணாம்புக் களிமண் கலப்பது, 21 வருடக் குத்தகை எல்லாம் அவர் பொறுப்பேற்கும் முன்பே ஹோல்கமில் இருந்தவை. கோதுமை, டர்னிப் என்ற கிழங்கு, பார்லி, குளோவர் என்ற தீவனப்பயிர் என்று மாற்றி மாற்றிப் போடும் நார்ஃபோக் முறையும் அவர் கண்டுபிடித்ததல்ல. அவருடைய சாதனை வேறு. நல்ல முறைகளை விடாமல் பிடித்துக்கொண்டார், சவுத்டவுன் இன ஆடுகளைக் கொண்டுவந்தார், தெரிந்ததை ஊரறியச் செய்தார். அந்த மண்ணில் உழைத்த குத்தகைக்காரர்களின் பெயர்கள் மறைந்து, புகழ் முழுவதும் ஒருவருக்கே போனது எனக்கு இன்றும் உறுத்துகிறது.

கேள்வி: ஹோல்கமில் அவர் நடத்திய ‘ஆட்டுமயிர் வெட்டும் விழா’ என்கிறார்களே, அது திருவிழாவா, விவசாயக் கண்காட்சியா?

இரண்டும்தான். பக்கத்துப் பண்ணைக்காரர்களைக் கூப்பிட்டு ஆடு, பயிர் பற்றிப் பேசுவதாகத் தொடங்கியது, போகப் போகக் கோடைகாலப் பெருங்கூட்டமானது. பகலில் குதிரை மேலும் வண்டியிலும் பண்ணை பண்ணையாகச் சுற்றுவார்கள். விதைக்கும் கருவி எப்படி ஓடுகிறது, டர்னிப் எந்த வரிசையில் நிற்கிறது என்று நின்று பார்ப்பார்கள். கட்டடக் கலைஞர் சாமுவேல் வயாட் வடிவமைத்த பெரிய களஞ்சியம் ஒன்று இருக்கிறது. மயிர் வெட்டுவதை அங்கே கூடி நின்று பார்ப்பார்கள். அப்புறம் மாளிகையில் விருந்து, பரிசளிப்பு, பேச்சு. பிரபுவும் குத்தகைக்காரரும் ஒரே கூடத்தில் சாப்பிட்டார்கள். 1819ல் அமெரிக்கத் தூதர் ரிச்சர்ட் ரஷ் வந்து பார்த்து எழுதியும் வைத்தார். 1821ல் நடந்ததுதான் கடைசி விழா.

இது அரசியலும்தான். ஓட்டுள்ள விவசாயிகள் வருடா வருடம் தன் வீட்டில் வந்து சாப்பிட்டுப் போகும் எம்.பி.யை யார் எளிதில் தோற்கடிக்க முடியும்?

கேள்வி: அப்படியானால் அவர் தோற்றதே இல்லையா?

உண்டு. அன்றைய இரு பெரிய கட்சிகளில் ஒன்றான விக் கட்சியில், அதன் தலைவர்களில் ஒருவரான சார்ல்ஸ் ஃபாக்ஸின் ஆள் அவர். அமெரிக்கக் குடியேற்றங்களுக்கு எதிரான பிரிட்டனின் போரை எதிர்த்தவர். ஃபாக்ஸின் ஆட்கள் பலர் வீழ்ந்த 1784 தேர்தலில் அவரும் இடத்தை இழந்தார், 1790ல்தான் திரும்பினார். 1806ல் வென்றும் நிலைக்கவில்லை. வாக்காளர்களுக்கு விருந்து வைத்ததாக மனு போட்டு அந்தத் தேர்தலையே ரத்து செய்ய வைத்தார்கள். டெர்பி என்ற வேறு தொகுதியின் எம்.பி.யாக இருந்த தம்பி எட்வர்டை நார்ஃபோக்கில் நிறுத்திவிட்டு, இவர் கொஞ்ச நாள் டெர்பிக்குப் போனார். அடுத்த பொதுத்தேர்தலிலேயே சொந்தக் கவுண்டிக்குத் திரும்பிவிட்டார்.

கேள்வி: பிரபுப் பட்டம் வேண்டாம் என்றாராமே?

பலமுறை மறுத்தார். கடைசியில் 1837ல், 83 வயதில் லெஸ்டர் பிரபுவானார்.

கேள்வி: கூலிக்காரர்கள் நிலைமை என்ன? அதைப் பற்றி யாருமே பேசுவதில்லை.

கேட்டதற்கு நன்றி. அவர்களுக்கு ஓட்டும் இல்லை, குத்தகையும் இல்லை. 1815ல் தானிய இறக்குமதியைக் கட்டுப்படுத்தும் சட்டத்தால் ரொட்டி விலை ஏறும் என்று கொதித்த கூட்டம் நார்ஃபோக்கின் நார்விச் நகரில் குக்கையே விரட்டியது. 1830ல் குளிர்கால வேலையைப் பறித்த கதிரடிக்கும் இயந்திரங்களை நார்ஃபோக் கூலிக்காரர்கள் உடைத்தார்கள். குக்கின் நினைவாக ஹோல்கமில் 120 அடி உயரத் தூண் நிற்கிறது. அதன் நான்கு மூலைகளில் டெவன் மாடு, சவுத்டவுன் ஆடு, கலப்பை, விதைக்கருவி இருக்கின்றன. கதிர் அடித்தவனுக்கு அங்கே ஒரு மூலை ஒதுக்கவில்லை.

கேள்வி: இந்த நிலக்கிழார் ஆட்சி எப்போது முடிந்தது?

ஒரே நாளில் முடியவில்லை. சாலை, பாலம், சிறை எல்லாவற்றையும் தேர்தலே இல்லாமல் நீதிபதிகளாக அமர்ந்த நிலக்கிழார்கள்தான் நிர்வகித்தார்கள். 1884ல் கிராமத்துக் கூலிக்காரர்களில் பெரும்பாலோருக்கு ஓட்டு கிடைத்தது. 1889 முதல் தேர்ந்தெடுக்கப்பட்ட கவுண்டி மன்றங்கள் வந்தன. அவற்றிலும் பல இடங்களில் அதே நிலக்கிழார்கள் நின்று ஜெயித்தார்கள். குக்கின் மகனே 1846 முதல் 1906 வரை நார்ஃபோக்கில் அரச பிரதிநிதியாக இருந்தார். 1894 சட்டம் கிராமத்துக்கும் மன்றம் தந்தது. அதில் பெண்களும் நிற்கலாம், கூலிக்காரரும் நிற்கலாம்.