மனசாட்சிக்கு உரிமை உண்டு, பலம்தான் இல்லை: ஜோசப் பட்லர் பற்றிக் கேள்வி பதில்

சார், யார் இந்த பட்லர்? பெயரைக் கேட்டதும் பட்லர் இங்கிலீஷ்தான் ஞாபகம் வருகிறது.

அந்த பட்லருக்கும் இவருக்கும் ஒட்டும் இல்லை, உறவும் இல்லை. பாதிரியாரும் தத்துவ ஞானியுமான ஜோசப் பட்லர் 1692இல் இங்கிலாந்தின் வான்டேஜ் ஊரில் ஒரு துணி வியாபாரியின் மகனாகப் பிறந்தார். லண்டன் ரோல்ஸ் சேப்பலில் செய்த பிரசங்கங்களில் பதினைந்தை 1726இல் புத்தகமாகப் போட்டார். பத்து வருஷம் கழித்து 'அனாலஜி ஆஃப் ரிலிஜன்' வந்தது. முதலில் பிரிஸ்டலுக்கும் பிறகு டர்ஹமுக்கும் பிஷப்பாக இருந்து, 1752இல் காலமானார்.

மனுஷன் எதைச் செய்தாலும் தன் சுகத்துக்காகத்தான் என்கிறான் என் ரூம்மேட். தானம் செய்வதுகூட நமக்குத் திருப்தி கிடைக்கிறதே என்பதற்காகத்தானாம். என்ன பதில் சொல்ல?

பதினோராவது பிரசங்கத்தைக் கையில் கொடுங்கள். என்னைக் கேட்டால் பட்லர் எழுதியதிலேயே உச்சம் அதுதான். ஆங்கிலத் தத்துவவாதி ஹாப்ஸ் காலத்திலிருந்து ஓடிக்கொண்டிருந்த வாதம் இது. பட்லர் அதைப் பசியை வைத்தே உடைக்கிறார்.

பசிக்கிறவனுக்கு வேண்டியது சோறு. சாப்பிட்டதும் திருப்தி வருகிறது, சரி. ஆனால் அது வருவதற்கே முதலில் சோற்றின் மேல் நாட்டம் இருந்தாக வேண்டும். பசியே இல்லாதவன் முன்னால் பிரியாணியை வைத்தால் என்ன சுகம்? (பிரியாணி என் சேர்க்கை.) உதவி செய்வதும் அப்படித்தான். அடுத்தவர் நன்றாக இருக்கட்டும் என்ற நினைப்பு முன்னால் போகிறது, திருப்தி அதன் பின்னால் வருகிறது. பின்னால் வந்ததைக் காட்டி இதுதான் காரணம் என்கிறார் உங்கள் ரூம்மேட்.

இன்னொன்றும் சொல்கிறார் பட்லர்: சதா தன் சுகத்தையே நினைத்துக்கொண்டிருப்பவனுக்குச் சுகமே தட்டிப்போகும். வேறு எதன் மேலாவது ஆசை இருந்தால்தானே அது நிறைவேறிச் சந்தோஷப்பட முடியும்?

மனசாட்சிதான் தலைமை என்கிறாராம். நடைமுறையில் கோபமும் பேராசையும்தானே ஜெயிக்கின்றன?

ஜெயிக்கின்றன, அதை அவர் மறுக்கவே இல்லை. பலம் வேறு, அதிகாரம் வேறு என்பதுதான் அவர் சொல்வது. மனசாட்சிக்கு உரிமை இருக்கிற அளவுக்குப் பலமும் இருந்திருந்தால் உலகத்தையே அது ஆண்டிருக்கும் என்கிறார் இரண்டாம் பிரசங்கத்தில். கலகக்காரன் அரண்மனையைப் பிடித்துவிட்டால் ராஜாவின் உரிமை பொய்யாகிவிடுமா?

கடிகார உதாரணமும் உண்டு. பல்சக்கரம், சுருள்வில் எல்லாவற்றையும் கழற்றி மேஜையில் பரப்பினால் அது கடிகாரம் ஆகாது. எது எதை இயக்குகிறது, எது எதற்கு அடங்கியது என்று தெரிந்தால்தான் கடிகாரம். மனித சுபாவமும் அப்படியே. ஆசைகளைப் பட்டியல் போட்டுவிட்டு, மனசாட்சியையும் அதில் ஒன்றாக எண்ணினால் மனிதனைப் புரிந்துகொண்டதாகாது.

ஐயா, சொத்துப் பிரிக்கும்போது என் பங்கில் உறவுக்காரர் ஒருவர் கை வைத்துவிட்டார். நாலு வருஷமாகக் கோபம் அடங்கவில்லை. இது பாவமா?

கோபம் மட்டும் என்றால், பட்லர் கணக்கில் பாவமில்லை. எட்டாவது பிரசங்கத்தில் கோபத்தை இரண்டாகப் பிரிக்கிறார். ஒன்று, கல் தடுக்கினால்கூடச் சட்டென்று வருவது. இன்னொன்று, அநியாயத்தைக் கண்டு நின்று எரிவது. இரண்டாவதை அநியாயத்துக்கு எதிராகக் இயற்கையே நம் கையில் கொடுத்த ஆயுதம் என்கிறார். பழிவாங்கலாக அது மாறும் இடத்தில்தான் தப்பு. உறவுக்காரர் செய்ததைச் சரி என்று நீங்கள் சொல்ல வேண்டியதில்லை. ஆனால் அவரும் நன்றாக இருக்க வேண்டிய ஒரு மனுஷர்தான் என்பது மறந்துபோகக் கூடாது. ஒன்பதாவது பிரசங்கம் மன்னிப்பு என்று கேட்பது அதைத்தான். உங்கள் பங்கைச் சட்டப்படி கேட்பதை பட்லர் எங்கும் தடுக்கவில்லை.

கடவுள் என்றால் வெறும் அன்பு மட்டும்தானா?

1736இல் வந்த அனாலஜி நூலோடு சேர்த்த ஒரு சின்னக் கட்டுரையில் இதைத் தொடுகிறார். கடவுளின் குணம் முழுக்கக் கருணையே என்று வைத்துக்கொண்டாலும், நாமும் அதை மட்டுமே பிடித்துக்கொள்ள முடியாது என்கிறார். நாலு பேருக்கு நல்லது என்று சொல்லிப் பொய்யும் துரோகமும் செய்தால் நம் மனம் ஒப்புவதில்லை. நம்மை அப்படிப் படைத்தவர் அவர்தானே? மொத்த விளைவுகளைக் கணக்குப் பார்ப்பது அவர் வேலை. நம் பார்வை அவ்வளவு தூரம் எட்டாது.

அனாலஜி நாத்திகருக்கு எதிரான நூலா?

இல்லை. அது டீயிஸ்டுகளுக்காக எழுதியது. படைத்தவன் உண்டு, வேதம் (பைபிள்) மட்டும் வேண்டாம் என்றவர்கள் அவர்கள். வேதத்தில் இருக்கும் சிக்கல்கள் இயற்கையிலும் இருக்கின்றனவே, அதை மட்டும் எப்படி ஏற்கிறீர்கள் என்று மடக்குகிறார். இது இருபக்கமும் வெட்டும் கத்தி. தத்துவவாதி ஜேம்ஸ் மில் இதைப் படித்துக் கொஞ்ச காலம் கிறிஸ்தவராக நீடித்தார், கடைசியில் கிறிஸ்தவம், டீயிசம் இரண்டையுமே விட்டுவிட்டார். மகன் ஜான் ஸ்டூவர்ட் மில் சுயசரிதையில் எழுதியிருக்கிறார்.

மெதடிஸ்ட் இயக்கத்தை ஆரம்பித்த ஜான் வெஸ்லியோடு மோதல் உண்டாமே?

1739இல், பிரிஸ்டலில். பரிசுத்த ஆவியின் விசேஷ வரங்கள் தனக்கு உண்டு என்று பாவனை செய்வது பயங்கரம், மிகப் பயங்கரம் என்று முகத்துக்கு நேராகவே சொன்னார். எழுதி வைத்தவர் வெஸ்லிதான்.

எங்கே ஆரம்பிக்கலாம், சார்?

முதலில் பதினொன்று, அப்புறம் ஒன்று முதல் மூன்று வரை. வாக்கியங்கள் நீளம், பல்லை உடைக்கும். புரியவில்லை என்ற புகார் அப்போதே இருந்தது. 1729 பதிப்பின் முன்னுரையில் அதற்குப் பதில் சொல்லும்போது, யோசிக்காமல் புத்தகம் புரட்டிப் பழகிவிட்டார்கள் என்று வாசகர் தலையில் ஒரு குட்டும் வைக்கிறார்.