சொல்லுக்கு இருவர் வேண்டும்

கேள்வி: மொழி என்பது கருத்தைப் பரிமாறிக்கொள்ள உதவும் ஒரு கருவி மட்டுமே என்று எங்கள் வகுப்பில் பாடம் நடத்தினார்கள். அப்படியானால், மொழி இல்லாவிட்டாலும் மனித வாழ்க்கை இதே போலத்தானே இருக்கும்?
(முதுகலை மாணவி, தஞ்சாவூர்)

பதில்: ஒன்றைக் கருவி என்று சொன்னால், அதைக் கையில் எடுப்பதற்கு முன்பே முழுமையான ஒரு மனிதர் அங்கே நிற்க வேண்டும். சொந்தமாக அரிவாள் இல்லாத விவசாயியும் விவசாயிதான். இரவல் வாங்கியாவது அறுப்பை முடித்துவிடுவார். மொழியை அப்படி எடுக்கவும் வைக்கவும் முடியுமா? யாரும் திட்டமிடாமலேயே இந்தக் கேள்விக்கு விடை தேடும் வாய்ப்பை மத்திய அமெரிக்காவிலுள்ள நிகரகுவா நாடு அளித்திருக்கிறது.

1970-களின் நடுப்பகுதி வரை அந்த நாட்டில் காது கேளாத குழந்தைகள் பெரும்பாலும் ஒருவரையொருவர் அறியாமல், அவரவர் வீட்டுக்குள்ளேயே வளர்ந்தார்கள். பசி, தூக்கம், வா, போ என்பனவற்றுக்கு ஒவ்வொரு வீட்டிலும் சில சைகைகள் இருந்தன. ஒரு வீட்டுச் சைகை அடுத்த வீட்டுக்குப் புரியாது. 1977-இல் தலைநகர் மனாகுவாவில் ஒரு சிறப்புப் பள்ளியும், 1980-இல் வளரிளம் பருவத்தினருக்கான தொழிற்பயிற்சிப் பள்ளியும் தொடங்கப்பட்டன. சில ஆண்டுகளில் இரண்டிலும் சேர்ந்து 400-க்கும் மேற்பட்ட மாணவர்கள் படித்தார்கள். உதட்டசைவைப் பார்த்து ஸ்பானிய மொழியைக் கற்கும்படி ஆசிரியர்கள் பாடுபட்டார்கள். அது பெரிதாகப் பலிக்கவில்லை. ஆனால் விளையாட்டு மைதானத்திலும் பள்ளிப் பேருந்திலும் அந்தப் பிள்ளைகளின் கைகள் ஓயாமல் பேசிக்கொண்டிருந்தன. வீட்டுச் சைகைகள் ஒன்றோடொன்று கலந்து, அடுத்தடுத்துப் பள்ளிக்கு வந்த சிறுவர்களின் கைகளில் இலக்கணம் பெற்று, புதிய மொழியாகவே ஆகிவிட்டன.

மொழியியலாளர்கள் அதை அருகிருந்து பார்த்திருக்கிறார்கள். ஒரு கார்ட்டூன் படத்தில் பூனை ஒன்று உருண்டுகொண்டே தெருச்சரிவில் இறங்குகிறது. இதைச் சொல்லச் சொன்னபோது, முதல் தலைமுறை மாணவர்களில் பெரும்பாலோர் கையைச் சுழற்றியபடியே கீழே கொண்டுவந்து, கண்ட காட்சியை ஒரே அசைவில் நடித்துக் காட்டினார்கள். பின்னால் வந்த சிறுவர்களோ ‘உருளுதல்’ என்பதற்கு ஓர் அசைவு, ‘இறங்குதல்’ என்பதற்கு இன்னோர் அசைவு என்று பிரித்து, வரிசையாக அடுக்கினார்கள். ஒன்றாக நிகழ்வதைப் பகுத்துத் திரும்பக் கோப்பது மொழியின் வேலை. அதை அவர்களுக்கு யாரும் சொல்லிக்கொடுக்கவில்லை.

உங்கள் கேள்வியை நேராகத் தொடும் ஆய்வு இதற்குப் பிறகு வந்தது, 2009-இல் வெளியானது. ஒருவன் ஒரு பொம்மையை ஓரிடத்தில் வைத்துவிட்டுப் போகிறான். அவன் இல்லாதபோது தம்பி அதை வேறிடத்துக்கு மாற்றிவிடுகிறான். திரும்பி வருபவன் எங்கே தேடுவான்? படங்களின் வழியாகக் கேட்கப்பட்ட இந்த வகைக் கேள்விக்கு, ‘நினைக்கிறான்’, ‘தெரியாது’ போன்ற சொற்களை அரிதாகவே கையாண்ட முதல் தலைமுறையினர், பெரியவர்களாகிவிட்ட நிலையிலும், இளையவர்களைவிட மிகவும் தடுமாறினார்கள். இரண்டு ஆண்டுகள் கழித்துப் பார்த்தபோது, இளையவர்களோடு பழகி அத்தகைய சொற்களைக் கற்றுக்கொண்டிருந்த அவர்களின் விடைகளும் திருந்தியிருந்தன. அன்பும் உழைப்பும் நினைவாற்றலும் அவர்களிடம் முன்பே இருந்தன என்பதை மறந்துவிட வேண்டாம். மொழி குறைந்தவர் மனிதத்தன்மை குறைந்தவர் என்று யாராவது சொன்னால் அதை நான் கடுமையாக மறுப்பேன். இன்னொருவரின் மனத்துக்குள் என்ன இருக்கும் என்று எண்ணிப் பார்க்கும் வழியை அந்தச் சொற்கள் அகலப்படுத்தின. அரிவாள் எந்த விவசாயிக்கும் இப்படிச் செய்வதில்லை. ஆகவே ‘கருவி’ என்பது முழுத் தவறு என்று சொல்ல மாட்டேன். ‘மட்டுமே’ என்ற சொல்லைத்தான் அடித்துவிட வேண்டும்.

கேள்வி: ‘என் மொழியின் எல்லைகளே என் உலகின் எல்லைகள்’ என்று தத்துவ அறிஞர் விட்கென்ஸ்டைன் சொன்னதாகப் படித்தேன். சொல்லில் அடங்காத துக்கத்தை அனுபவித்தவன் நான். அது என் உலகுக்கு வெளியேவா இருக்கிறது?
(ஓய்வுபெற்ற தலைமையாசிரியர், திருநெல்வேலி)

பதில்: ஐயா, அந்த வாக்கியம் 1921-இல் வெளியான அவருடைய முதல் நூலில் இருக்கிறது. உலகில் உள்ளதைப் படம் பிடித்துக் காட்டுவதே வாக்கியத்தின் வேலை என்று அப்போது அவர் கருதினார். அதே நூலிலேயே, சொல்ல முடியாதது உண்டு, அது தன்னைக் காட்டிக்கொள்கிறது என்றும் எழுதியிருக்கிறார். ஆகவே உங்கள் துக்கத்தை அவர் இல்லையென்று சொல்லவில்லை.

அந்த நூலுக்குப் பின் சில ஆண்டுகள் ஆஸ்திரியாவின் சிற்றூர்களில் ஆரம்பப் பள்ளி ஆசிரியராக இருந்துவிட்டு, மீண்டும் தத்துவத்துக்கு வந்த விட்கென்ஸ்டைன், 1951-இல் தாம் இறந்து இரண்டு ஆண்டுகளுக்குப் பின் வெளிவந்த நூலில் வேறொரு பாதையில் போகிறார். ஒரு சொல்லின் பொருளை, பெரும்பாலும், மொழியில் அது வழங்கும் விதத்தில்தான் தேட வேண்டும் என்கிறார். ‘வலி’ என்ற சொல்லைக் குழந்தை எப்படிக் கற்கிறது என்று கேட்கிறார். நம் வீடுகளில் இது நடப்பதை நீங்கள் பலமுறை பார்த்திருப்பீர்கள். குழந்தை விழுந்து அழுகிறது. பாட்டி ஓடிவந்து தூக்கி, முழங்காலைத் தடவி, “வலிக்குதா கண்ணு? இந்தத் தரைதானே உன்னை அடிச்சுது?” என்று தரையை இரண்டு தட்டுத் தட்டுகிறாள். அடுத்த முறை விழும்போது அழுகையோடு “வலிக்குது” என்ற சொல்லும் சேர்ந்து வருகிறது. குழந்தை தனக்குள்ளே எதையோ உற்றுப் பார்த்து அதற்குப் பெயர் சூட்டவில்லை. அழுகை இருந்த இடத்தில் ஒரு சொல் வந்து அமர்கிறது, அதை அமர்த்தியவர் இன்னொருவர். ஆக, உடம்புக்குள் நிகழும் வலிக்கும்கூட நாம் வைத்திருக்கும் சொல் வெளியிலிருந்து, ஓர் அணைப்போடு வந்த சொல்தான். உங்கள் துக்கத்தை ‘சொல்லில் அடங்காதது’ என்று நீங்கள் சொன்னதும் எனக்குப் புரிந்துவிட்டது, பாருங்கள்.

“எல்லாச் சொல்லும் பொருள் குறித்தனவே” என்ற தொல்காப்பியர், “மொழிப்பொருள் காரணம் விழிப்பத் தோன்றா” என்றும் சொல்கிறார். ஒரு சொல் இந்தப் பொருளை ஏன் குறிக்கிறது என்பதற்கான காரணம் வெளிப்படையாகத் தோன்றாது. இவ்விருவரும் ஒன்றையே சொன்னார்கள் என்று இழுத்துக் கட்ட நான் விரும்பவில்லை. ஆனால் காரணம் தோன்றாதபோதும் சொல் வழங்குகிறது என்பதைத் தொல்காப்பியர் கூர்ந்து பார்த்திருக்கிறார்.

கேள்வி: ‘நாம்’, ‘நாங்கள்’ என்ற வேறுபாடு ஆங்கிலத்தில் இல்லை. தமிழர் மற்றவர்களைவிட ஆழமாகச் சிந்திப்பவர்கள் என்பதற்கு இது சான்றுதானே?
(வாசகர், கோவை)

பதில்: இல்லை. தெலுங்கிலும் மலாய் மொழியிலும் இந்த வேறுபாடு உண்டு. ஆங்கிலேயரும் தேவைப்பட்டால் இரண்டு சொல் கூட்டி இதைச் சொல்லிவிடுவார். மொழிகள் எதைச் சொல்ல முடியும் என்பதில் அல்ல, எதைச் சொல்லியே ஆக வேண்டும் என்பதில்தான் வேறுபடுகின்றன என்றார் மொழியியலாளர் ரோமன் யாகப்சன். தமிழில் வாய் திறப்பவர் கேட்பவரைச் சேர்க்கிறாரா, விலக்குகிறாரா என்பதை ஒவ்வொரு முறையும் முடிவு செய்தாக வேண்டும். திருமணமாகி வந்த பெண் தன் பிறந்த வீட்டைக் கொஞ்ச நாள் “எங்க வீடு” என்றே சொல்லிக்கொண்டிருப்பாள். என்றைக்கோ ஒரு நாள் புகுந்த வீட்டைப் பேச்சுவாக்கில் “நம்ம வீடு” என்றதும் மாமியார் சட்டென நிமிர்ந்து பார்ப்பார். பெருமைப்பட வேண்டுமானால், நம் மொழி நம்மிடம் கேட்கும் இந்தக் கவனத்துக்காகப் பெருமைப்படுவோம்.

கேள்வி: என் அம்மாவுக்கு 71 வயது. பக்கவாதத்துக்குப் பிறகு “அது... அது...” என்ற ஒரே சொல்லைத்தான் சொல்கிறார். சொல் போனதோடு அம்மாவின் எண்ணங்களும் போய்விட்டனவா? நான் பேசுவதில் பயன் உண்டா?
(வாசகி, மதுரை)

பதில்: அம்மா, முதலில் ஒரு மனிதரைப் பற்றிச் சொல்கிறேன். பாரிஸ் அருகே பிசேத்ர் மருத்துவமனையில் லெபோர்ஞ் என்பவர் 21 ஆண்டுகள் இருந்தார். எதைக் கேட்டாலும் அவர் வாயில் வந்தது ‘டான்’ என்ற ஓரசை. பெரும்பாலும் அதையே இருமுறை சொல்வார். 1861-இல் அவரைப் பரிசோதித்த மருத்துவர் பால் புரோகா, அவருக்குப் பெரும்பாலானவை புரிகின்றன என்பதையும், எண்களைக் கேட்டால் விரல்களால் காட்டுகிறார் என்பதையும் கண்டார். இங்கிலாந்தில் நடந்து 2005-இல் வெளியான ஆய்வில், ‘சிங்கம் மனிதனைத் துரத்தியது’, ‘மனிதன் சிங்கத்தைத் துரத்தினான்’ என்பன போன்ற வாக்கியங்களுக்கிடையே வேறுபாடு காண முடியாத அளவுக்கு மொழியை இழந்தவர்கள், எந்த எண்ணிலிருந்து எதைக் கழிப்பது என்பதில் பிழை செய்யாமல் கணக்குப் போட்டார்கள். சொல் போனால் எண்ணம் போய்விடுவதில்லை.

மேலே தஞ்சாவூர் மாணவிக்குச் சொன்னதற்கு இது முரண் அல்லவா என்று நீங்கள் கேட்கலாம். மொழி ஒரு மனத்தை வளர்த்தெடுத்த பிறகு, அந்த வளர்ச்சி சொற்களோடு சேர்ந்து கரைந்துவிடுவதில்லை என்றே நான் இதைப் புரிந்துகொள்கிறேன். இத்தனை ஆண்டுகள் பேசி வாழ்ந்தவர் உங்கள் அம்மா.

அவருக்கு எவ்வளவு புரிகிறது என்பது மூளையில் பாதிப்பு எங்கே ஏற்பட்டது என்பதைப் பொறுத்தது. அதைப் பேச்சுப் பயிற்சி அளிப்பவர் சோதித்துச் சொல்வார், தாமதிக்காமல் அழைத்துப் போங்கள். வீட்டில் ஒரு நேரத்தில் ஒருவர் மட்டும் பேசுங்கள், தொலைக்காட்சியை நிறுத்திவிடுங்கள். ‘என்ன வேண்டும்?’ என்று கேட்பதைவிட, ‘காபி வேண்டுமா?’ என்று தலையசைத்து விடை சொல்லும்படி கேளுங்கள். அவர் தேடும் சொல்லை நீங்கள் முந்திக்கொண்டு சொல்லிவிடாதீர்கள். சிறிது நேரம் காத்திருங்கள். பேச்சு வராத பலருக்குப் பழகிய பாட்டு வரும். அவர் உங்களைத் தூங்க வைக்கப் பாடிய தாலாட்டையோ, மார்கழியில் பாடிய பாசுரத்தையோ நீங்கள் முதல் வரி தொடங்கிப் பாருங்கள். அவர் “அது” என்றதும் அவர் கண் போகும் திசையைப் பாருங்கள். காலையில் சொல்லும் “அது” கண்ணாடியாகவும் மாலையில் சொல்லும் “அது” பேரப்பிள்ளையாகவும் இருக்கக்கூடும்.